டைப் பண்ணி அழித்த லீவு

ஆம்பூரிலிருந்து வேலூர் போகும் மாலை பஸ்ஸில், எனக்கு முன் சீட்டில் ஷூ கம்பெனி அடையாள அட்டையோடு இரண்டு பெண்கள். ஜன்னலோரம் இருந்தவள் சொன்னதைக் கேட்டதும் என் கம்ப்யூட்டர் பாடப் புத்தகத்தை மூடிவிட்டேன்.

“ஃபேன் ஓடலன்னு நான் யார்கிட்டயும் சொல்லல மாலதி. டைப் பண்ணி உடனே அழிச்சேன். மறுநாளே புது ஃபேன் வந்துடுச்சு.”

“இன்னாடி ஸ்டெல்லா, பேயா?”

“மேனேஜர்டி. என் சிஸ்டத்துல ஒரு டி.எல்.எல். ஃபைலைப் போட்டு வெச்சிருக்காரு. ஆன்ட்டிவைரஸ் ஓட்டினப்ப மாட்டுச்சு. எந்தக் கீயைத் தட்டினாலும், ஸ்கிரீனுக்கு வர்றதுக்குள்ள அது புடிச்சு அவருக்கு எழுதி வெச்சிடுது. நான் அழிச்சாலும் அங்க அழியாது.”

“ஐயே! மொதல்ல அதைத் தூக்குடி.”

“தூக்கிட்டா அண்ணன் கல்யாணத்துக்கு லீவு எப்பிடி வாங்குறது? நேர்ல கேட்டேன், ஷிப்மென்ட் இருக்கு, முடியாதுன்னுட்டாரு. அதான் இன்னிக்கு, ‘லீவு தரலன்னா ராணிப்பேட்டை கம்பெனிக்குப் போய்டுவேன்’னு அடிச்சு, அழிச்சிட்டு வந்தேன்.”

“பேஜாராயிடப் போவுது. வேலையே போய்டும் பாரு.”

பள்ளிகொண்டா தாண்டியதும் ஸ்டெல்லாவின் செல்போன் அடித்தது. மாலதி காதைக் கொண்டுபோய் ஒட்டிக்கொண்டாள். நானும் கொஞ்சம் முன்னால் சாய்ந்தேன்.

“சொல்லுங்க சார்... கல்யாணத்துக்குப் போலாமா? ரொம்ப தேங்க்ஸ் சார்!”

அப்புறம் அவர் சொன்ன எதையோ கேட்டுவிட்டு, சிரிப்பை அடக்க மாலதியின் கையைக் கிள்ளினாள்.

“ராணிப்பேட்டையா? நான் எங்கயும் போகல சார். உங்களுக்கு யாரு சார் சொன்னது?”