மூன்று வரிசைத் தையல்

"பெரியம்மா, ரிமோட்டைக் குடு."

"டீ ஆறுது கண்ணு, முதல்ல குடிச்சிட்டு..."

"டீ கிடக்கட்டும். அந்தச் சுவர் மேல நிக்கிற இடத்துக்குப் படத்தைத் திருப்பி ஓட்டு."

"பார்த்த படத்தையே எத்தனை தடவைடி..."

"இடுப்பைப் பாரு. நல்லாப் பாரு."

டீ உண்மையிலேயே ஆறிக்கொண்டுதான் இருந்தது. எனக்கு ஆறின டீ ஆகாது.

வருஷத்துக்கு ஒரு தரம், என் தங்கை போன நாளில், நானும் அவள் மகளும் இந்தப் படத்தைப் பார்ப்போம். தங்கையைக் கொன்றவர்களை ஒருத்தி தேடிப்பிடித்துப் பழிதீர்க்கிற கதை, இரண்டு பாகம். முதல் பாகத்தின் முடிவில் நாயகி கோட்டைச் சுவரிலிருந்து குதிப்பாள். உண்மையில் அவளுக்குப் பதிலாகக் குதிப்பது என் தங்கை. முகம் தெரியாது, பதினோரு விநாடி முதுகுதான். கயிறு கைவிட்டு அவள் விழுந்து செத்த மிச்சத்தை வெட்டிவிட்டு அதை மட்டும் படத்தில் வைத்தார்கள். அவளுக்குச் செய்கிற மரியாதையாம். நாலு வயதில் தாயை இழந்த பிள்ளைக்கு அந்த முதுகுதான் அம்மா.

இந்த வருஷம் இரண்டு பாகத்தையும் ஒன்றாகச் சேர்த்து, பளிச்சென்று துலக்கி வெளியிட்டிருக்கிறார்கள். இவள்தான் ஆசையாகக் கொண்டுவந்தாள். முன்பெல்லாம் குதித்ததோடு படம் முடிந்துவிடும். தரையில் வந்து நிற்பது அடுத்த பாகத்தில். இப்போது குதித்த மறு விநாடியே நாயகி நிற்கிறாள். அவள் பெல்ட்டில், கயிற்றுக் கொக்கி மாட்டும் வளையத்தைச் சுற்றி, மெழுகு நூலில் மூன்று வரிசைத் தையல். ஒரு விநாடி முன்னால், என் தங்கையின் பெல்ட்டில், ஒரே வரிசை. அதுவும் சாதா நூல்.

வேறு யார் கண்ணிலும் படாது. இவளும் என்னைப் போலத் தையல்காரி.

"ரெண்டும் நீ தைச்சதுதானே?"

நான்தான். சண்டைக் காட்சி உடையெல்லாம் என் பொறுப்பு.

படம் முடிந்ததும் பிள்ளையோடு வேறு ஊருக்குப் போய்விடுவதாகத் தங்கை சொன்னாள். "வளர்த்துட்டா உன் பிள்ளை ஆயிடுமாக்கா?" என்று சிரித்தாள். பிள்ளை என் மடியில் தூங்கிக்கொண்டிருந்தது. அந்த மூச்சுச் சத்தத்தை விட்டால் எனக்கென்று உலகத்தில் வேறு எதுவும் இல்லை. காலொடிந்து ஆறு மாதம் கிடந்தால் போகமாட்டாள் என்று நினைத்தேன். ஆளுயரச் சுவர்தானே என்று ஒரே வரிசையோடு நிறுத்தினேன்.

குதிக்கிற அன்று காலை, சண்டைப் பயிற்சியாளர் உடை அறைக்குள் தலையை நீட்டினார்.

"ஆளுயரம் பத்தாதாம்மா. கோட்டை உச்சியிலேருந்து எடுக்கிறாங்க. எல்லாம் கயித்தை நம்பித்தான். பெல்ட் தாங்குமில்ல?"

"தாங்கும்" என்றேன்.

பெல்ட் என் மடியில் இருந்தது. இன்னும் இரண்டு வரிசை போடக் கால் மணி நேரம் ஆகும். ஒரு மணி நேரம் இருந்தது. நூல் பிசிறைப் பல்லால் கடித்துவிட்டு, நானே அவள் இடுப்பில் கட்டினேன்.

"இறுக்கமா இருக்குக்கா."

"இருக்கட்டும்."

விசாரிக்க வந்தவர்கள் கயிற்றைப் பார்த்தார்கள், கொக்கியைப் பார்த்தார்கள். பிய்ந்த பெல்ட்டில் எத்தனை வரிசை இருந்தது என்று யார் எண்ணுவார்கள்?

இருபத்திரண்டு வருஷம் இவளுக்கு ஒரு குறை வைத்ததில்லை. காய்ச்சலென்றால் கண் மூடியதில்லை. இதையும் சேர்த்துத்தான் அவளிடம் எல்லாம் சொன்னேன், ஒன்றையும் மறைக்காமல். அவள் அழவில்லை. உள்ளே போய்த் துணிகளை அள்ளிப் பையில் திணித்தாள். வாசற்கதவைத் திறந்தாள்.

"கண்ணு, பையோட வார் பிஞ்சிருக்கு பாரு. குடுத்துட்டு உட்காரு, கெட்டியாத் தைச்சுத் தர்றேன்."