உடம்பு காய்ச்சும் நஞ்சு

— தலையிடிக்கு ரெண்டு பனடோல், வயித்துக்கு அந்த வெள்ளப் பாணி, கண்ணுக்கு ஏதாச்சும் சொட்டு மருந்து. நான் கேட்டது இவ்வளவுதான் அம்ஹர் நானா. அதுக்கு ஏன் கடைக் கதவப் பாதி சாத்துறீங்க?

— பயப்புட வாணாம் தங்கச்சி. சனத்துக்கு முன்னுக்கு கேக்க ஏலாத கேள்வி ஒண்டு ஈக்கி. கண்ணு மருந்து யாருக்கு, ஒங்களுக்கா?

— எனக்கில்ல, எங்க வீட்டுக்காரருக்கு. சுதாகரன். ஒங்க கடைக்கு வருவாரே, தேயிலச் செடிக்குக் கவ்வாத்து வெட்டுற ஆளு, நெட்டையா இருப்பாரு. காலையில எந்திரிச்சதுலேர்ந்து கண்ணு மங்குதுங்குறாரு. பனி மூடுன மாதிரி இருக்காம்.

— மஸ்கெலியாவுல பனி இல்லாத நாள் ஏது? வெளிய பாக்கக்குள்ள பனியா, ஊட்டுக்குள்ளயுமா?

— வீட்டுக்குள்ளயுந்தான். அடுப்படியில நிக்கிற என்னையப் பாத்து, யாரது பனிக்குள்ளன்னு கேக்குறாரு. நான் சிரிச்சுட்டேன்.

— மூச்சு?

— வாங்குது. மேட்டு மலை ஏறி வந்த மாதிரி. அட, எல்லாம் குடிய விட்ட சங்கடம் நானா! சும்மா சொல்லக்கூடாது, இந்தத் தடவ மனுசன் கெட்டியா நிக்கிறாரு. முனியாண்டி முன்னுக்கு சூடம் அணைச்சு சத்தியம் பண்ணியிருக்காரு. குடிய விட்டா மொத மூணு நாளு ஒடம்பு பேயா முறுக்கும்னு எங்க லயத்து வீடுங்கள்ல எல்லாரும் சொல்றாங்க. அத தாண்டிட்டா பொழச்சோம்.

— கடைசியா எப்ப குடிச்சது?

— முந்தாநேத்து, பௌர்ணமி போயா அன்னிக்கு. சாராய பாரு பூட்டுன்னா இவங்களுக்குக் கள்ளத்தனமாக் காய்ச்சுற கசிப்பு இருக்கே. எங்கயோ வாங்கிக் குடிச்சுட்டு தண்ணி ஓடுற கானுல விழுந்து கெடந்தாரு. நேத்து காலையில வெறி தெளிஞ்ச ஒடனே குளிப்பாட்டி, ஈர வேட்டியோட கோயிலுக்கு இழுத்துட்டுப் போயிட்டேன்.

— தனியவா குடிச்சது?

— தனியா எங்க? ஆண்டியப்பன் அண்ணேதான் கூட்டாளி. ரெண்டும் ஒரே செட்டு. அது ஒண்ணு இல்லாம இது ஒண்ணு பீடி கூட பத்த வைக்காது.

— தங்கச்சி, இந்த ஸ்டூல்ல உக்காருங்க.

— காலையில வேலைக்குப் பேரு குடுக்குற பெரட்டுக்குப் போகாம வந்திருக்கேன் நானா. இப்பப் போனா அரைநாள் சம்பளம், அரைப்பேராவது கெடைக்கும். மருந்தக் குடுங்க.

— உக்காருங்க. ஆண்டியப்பன் மவுத்தாப் போன கத ஒங்களுக்கு வரல்லயா?

— என்ன நானா, வாய்க்கு வந்தத...! வயித்துவலின்னு நேத்து சாயந்தரம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனாங்க, அவ்வளவுதான். அவரு பொண்டாட்டி மீனம்மா அக்கா கூட இருக்கு. வரும்போது எனக்குப் பால் வாங்கியாறேன்னு கூட சொல்லிட்டுப் போச்சு.

— விடியக்குள்ள முடிஞ்சிச்சு. வலிப்பு வந்து, பொறகு மூச்சு நிண்டுச்சாம். டொக்டரு டவுன்ல ஈக்கிற பாமசி எல்லாத்துக்கும் போன் எடுத்து செல்லி ஈக்கிறாரு. கண்ணு மங்கல் ண்டு யாரு வந்தாலும் மருந்து குடுத்து அனுப்ப வாணாம், ஒடனே ஆஸ்பத்திரிக்கு அனுப்புங்க ண்டு. அதாலதான் கதவ சாத்தின.

— அடி ஆத்தி... அந்த மனுசனா? முந்தாநேத்து எங்க வீட்டு வாசல்ல நின்னு, "ராணி, என் தம்பிய அடிக்காத"ன்னு கெஞ்சுனாரே. நான் வெளக்கமாத்த தூக்கிட்டு தொரத்துனேன் நானா. ஐயோ, மீனம்மா அக்கா இப்ப என்னா செய்யும்... அப்ப கசிப்புல எவனோ வெசம் கலந்துட்டானா?

— அதுதான் வெளங்காத கத. வெசம் ண்டு செல்லவும் ஏலா. மெதனோல் ண்டு ஒரு சாமான். மேச, கதிரைக்கு பாலிஷ் பூசுற ஸ்பிரிட்டுல ஈக்கி. போயாவுக்கு கிராக்கி கூடினதும், எந்த ஹராங்குட்டியோ அளவு கூட்ட அத ஊத்தி ஈக்கிறான். டொக்டரு போன்ல இதுக்கு ஒரு பேரு சென்னாரு. லீதல் சிந்தஸிஸ் ண்டு.

— வாயிலயே நொழையல. செத்த மனுசனுக்கு எதுக்கு இங்கிலீசுல பேரு?

— பேரு செத்தவனுக்கு இல்ல, உசிரோட ஈக்கிறவனுக்கு. பாமசி படிக்கக்குள்ள நானும் மனப்பாடம் செஞ்ச பேருதான். சோதன எழுதின பொறகு ஒரு நாளும் வாயில வரல்ல. இண்டைக்கு அவரு செல்லக்குள்ள மேலெல்லாம் புல்லரிச்சிச்சு. லீதல் ண்டா உசிரக் கொல்லுற. சிந்தஸிஸ் ண்டா ஒண்டுல இருந்து இன்னொண்ட செஞ்சி எடுக்குற. உள்ளுக்குப் போறது வெறும் வெறிச்சாமான். ஒடம்புதான் அத நஞ்சாக் காய்ச்சி எடுக்குது. வெளங்குதா?

— வெளங்கல. ஒடம்பு தனக்குத் தானே நஞ்சு காய்ச்சுமா? பைத்தியக்கார ஒடம்பா அது?

— நீங்க பறிக்கிற பச்சக் கொழுந்த அப்பிடியே சுடுதண்ணில போட்டா தேத்தண்ணி வருமா?

— எப்பிடி வரும்? வாட்டி, அரைச்சு, காய வச்சுத் தூளாக்கணும்.

— ஆ. பேக்டரிக்குள்ள போனதும் வெளிய வாறதும் ஒண்டில்லதானே? எங்கட ஈரலும் அப்பிடித்தான். எதப் போட்டாலும் அரைச்சித் தள்ளும். அது நல்லது ண்டு நெனச்சித்தான் அரைக்குது பாவம். நல்ல சாராயத்தப் போட்டா அரைச்சி சும்மா வெளிய தள்ளிப் போடும். மெதனோலப் போட்டா வாறது நஞ்சு. அது மொதல்ல கண்ணப் புடிக்கும். பொறகு மூச்ச.

— அப்ப ஆண்டியப்பன் அண்ணேயக் கொன்னது யாரு? வித்தவனா, குடிச்சவனா, இல்ல அவரு ஈரலா?

— பொலிஸ் "குடிச்சி செத்தான்" ண்டுதான் எழுதும். தோட்டத்து ஆளு செத்தா அவங்களுக்கு வேற வசனம் வராது. அத உடுங்க. ஒங்கட மாப்புள உசிரோட ஈக்கிறாரு, அதப் பாருங்க.

— இல்ல, இருங்க. ரெண்டு பேரும் ஒண்ணாத்தானே குடிச்சாங்க? நேத்து பூரா எங்க வீட்டுக்காரரு நல்லாத்தான் இருந்தாரு. சோறு தின்னாரு. சின்னவளுக்குத் தலை சீவி விட்டாரு நானா! கல்யாணம் கட்டின நாள்லேர்ந்து நான் பாக்காத மனுசன நேத்துதான் பாத்தேன். நஞ்சு குடிச்சவரு அப்பிடி இருப்பாரா?

— இருப்பாரு. அதுதான் இந்த சனியண்ட கொணம். கசிப்புல நல்ல சாராயமும் ஈந்துச்சி, கெட்ட மெதனோலும் ஈந்துச்சி. ஈரல் நல்லத்தான் மொதல்ல எடுக்கும். அது முடியிற வரைக்கும் கெட்டது பின்னுக்கு காத்துக்கிட்டு நிக்கும். நல்லது முடிஞ்ச பொறகுதான்...

— ஏன் நிப்பாட்டிட்டீங்க?

— ஒண்டுமில்ல.

— சொல்லுங்க நானா. நல்லது முடிஞ்ச பொறகுதான் கெட்டத அரைக்க ஆரம்பிக்கும். அப்பிடின்னா அவரு மேல மேல குடிச்சிருந்தா...

— தங்கச்சி.

— நேத்து சாயந்தரம், ஒரே ஒரு மொடக்கு வாங்கிக் குடு புள்ளன்னு என் காலப் புடிச்சாரு. நான் கதவ வெளியில பூட்டிட்டு, சாவிய ஜாக்கெட்டுக்குள்ள வச்சுக்கிட்டு படியில உக்காந்துட்டேன். செயிச்சுட்டேன்னு நெனச்சேன் நானா. அப்ப நான் பூட்டினப்பத்தான் அவருக்குள்ள...

— நீங்க செஞ்சது பொண்டாட்டி செய்ற வேல. குடிகாரன குடிக்க உடுங்க ண்டு செல்ற வாய் என்ட வாய் இல்ல. இப்ப அழுற நேரமும் இல்ல. நீங்க கதைக்கக்குள்ளயே டொக்டருக்கு மெசேஜ் போட்டுட்டேன், ஆம்புலன்ஸ் பேக்டரி வாசலுக்கு வரும். ஆஸ்பத்திரில டொக்டரு அளவு பாத்து நல்ல சாராயம் குடுப்பாரு. ஈரலுக்கு அந்த வேலயக் குடுத்தா இதக் கை உட்டுடும். பொறகு பெரியாஸ்பத்திரிக்கு அனுப்பி ரத்தத்தக் கழுவுவாங்க.

— என்னா குடுப்பாரு?

— சாராயம். மருந்து மாதிரி.

— சரிதான்! குடிச்சதுக்கு மருந்து இன்னொருக்கா குடியா? பதினாறு வருசம் நானா. மூத்தவ பெரியவளாகித் தண்ணி ஊத்துன அன்னிக்கு மாமன்மாரு முன்னுக்கு வேட்டி இல்லாம வந்து நின்ன மனுசன். இப்பத்தான் சாமி பாத்து கண்ணத் தொறந்திருக்கு. நாக்குல ஒரு சொட்டு பட்டா மறுபடி பழைய குருடி கதவத் திறடிதான். அதோட ஒங்க மதத்துல தொடாத சாமான எங்கள குடிக்கச் சொல்றீங்க?

— ஹராந்தான். என்ட ஊட்டுப் பக்கம் கொண்டுவர உட மாட்டேன். ஆனா உசிரு போற நேரத்துல பண்டி எறச்சி தின்னாலும் குத்தமில்ல ண்டு எங்கட மார்க்கத்துலயே ஈக்கி. ஒங்கட முனி அந்தளவுக்கு ஈரமில்லாத சாமியா? போன எடுங்க. அவருக்கு அடிங்க. சத்தமாப் போடுங்க, நானும் கேக்குறேன்.

— போகுது... இந்தாங்க, நான்தான். கேக்குதா?

— ராணியா? எங்கடி இருக்க? பொழுது சாஞ்சிருச்சே, இன்னும் வரக் காணோம்?

— நானா, மணி பன்னெண்டு கூட ஆகலியே!

— பேச்சுக் குடுங்க. உட வாணாம்.

— இந்தாங்க, நல்லாக் கேளுங்க. ஆஸ்பத்திரி வண்டி வருது. நீங்க அதுல ஏறணும். டொக்டரு குடிக்கக் குடுப்பாரு. சாராயந்தான். குடிச்சுருங்க. அது இப்ப மருந்து.

— என்ன புள்ள சோதிக்கிறியா? குடிக்க மாட்டேன். சத்தியமாச் சொல்றேன், இனித் தொட மாட்டேன். ஒனக்குத் தெரியாது. நேத்து நீ கதவப் பூட்டினப்ப, மனசுக்குள்ள நான் குடிச்சுட்டேன் ராணி. ஒரு மொடக்கு, ஒரே மொடக்குன்னு நெனச்சுக்கிட்டே கெடந்தேன். அதான் முனி கண்ணக் குத்திப்புடுச்சு. சத்தியத்த மீறுனா சாமி கண்ணக் குத்தும்னு எங்கம்மா சொல்லும். சும்மா சொல்லல.

— முனி குத்தல மாமா! ஒங்க ஈரலு, அது உள்ளுக்குள்ள... ஐயோ, எனக்குச் சொல்ல வரல. ஆண்டியப்பன் அண்ணே செத்துப்போச்சு. அதே கசிப்புதான். கேக்குதா?

— அண்ணே செத்துருச்சா?

— ஆமா. கண்ணு மங்கித்தான் செத்துச்சு. நீங்களும் போயிருவீங்க. அந்தச் சத்தியத்த நான் வாங்கிக்கிறேன். என் தலையில போடுங்க. முனிக்கு கண்ணு வேணும்னா என் ரெண்டையும் புடுங்கிக்கட்டும். நான் கேட்டுத்தானே பண்ணுனீங்க? நானே சொல்றேன், குடிங்க. என் தாலி மேல ஆண, குடிங்க மாமா.

— அழாத புள்ள. நீ சொன்னா சரி. குடிக்கிறேன்.

— சுதாகரன் தம்பி, நான் பாமசி அம்ஹர் நானா. ஆம்புலன்ஸ் லயத்துக்கு ஏறாது. தனிய நடக்க வாணாம். பக்கத்துல ஆம்பளைங்க நாலு பேரக் கூப்புட்டு, கதிரைல வச்சி பேக்டரிக்கு தூக்கச் செல்லுங்க.

— ஆளுக்கு எங்க நானா போறது? பக்கத்துக் காம்பரா வீட்டு ராமையா அண்ணே காலையிலேர்ந்து வாந்தி. கூப்புட்டேன், எந்திரிக்க முடியலங்குது. எதிர் வீட்டுப் பய தலையப் புடிச்சுக்கிட்டு கத்துறான், இங்க வரைக்கும் கேக்குது. இன்னிக்குக் கவ்வாத்துக்கே ஒருத்தரும் போகல போல. என்ன காத்து அடிச்சுச்சோ, லயமே படுத்துக் கெடக்கு.

— என்ன? தங்கச்சி, அவங்களும் முந்தாநேத்து இவங்களோட குடிச்சாங்களா?

— இல்லியே. ராமையா அண்ணே முந்தாநேத்து இங்கயே இல்ல, மருமக ஊருக்குப் போயிட்டு நேத்துதான் வந்துச்சு. எதிர் வீட்டுப் பையன் கசிப்பு குடிக்கிற ஆளே இல்ல.

— அப்ப அவங்களுக்கு எப்பிடி? யோசிங்க. அந்தக் கசிப்பு மிச்சம் ஈந்துச்சா? எங்க அது?

— சத்தியம் பண்ணினா வீட்டுல ஒரு சொட்டு இருக்கக்கூடாதுன்னு, அவரு ஒளிச்சு வச்சிருந்த ரெண்டு போத்தலையும் நேத்து முனிக்குப் படையல் வச்சேன் நானா. பூச முடிஞ்சு, சாமி பங்குன்னு லயத்து ஆம்பளைங்க எல்லாருக்கும் சிரட்டையில என் கையாலதான் ஊத்திக் குடுத்தேன்.