முதல் மனுதாரர்

இல்ல தம்பி, வாங்க மாட்டேன்னு நான் எங்க சொன்னேன்? கோர்ட்டு நோட்டீஸத் திருப்பி அனுப்புற ஆளு நான் இல்ல. முழுசாப் படிச்சுட்டேன், கையெழுத்துப் போடறேன். கொஞ்சம் உக்காருங்க. அந்த நாற்காலிய இழுத்துப் போட்டுக்கோங்க, கால் ஒண்ணு ஆடும், பாத்து. இன்னும் எத்தன வீடு? ரெண்டா? அப்புறம் என்ன அவசரம்.

விஷயம் இவ்வளவுதான். எஞ்சினியரிங் காலேஜுல இணைப் பேராசிரியர் ஆகணும்னா டாக்டர் பட்டம் வேணும்னு புதுசா விதி வந்துச்சு. அதுக்கு முன்னாடியே பதவி உயர்வு வாங்கினவங்களுக்கு மட்டும் விலக்கு. அந்த விலக்குல தப்பிச்ச மூணு பேருல நானும் ஒருத்தன். இப்ப அந்த விலக்கே செல்லாதாம். எங்கள இறக்கிட்டு, பட்டம் வாங்கினவங்கள அந்த இடத்துல உக்கார வைக்கணுமாம். அதான் கேஸ்.

முதல் மனுதாரரா? எங்க டிபார்ட்மெண்ட்தான், சிவில். தெரியுமாவா? நல்லாக் கேட்டீங்க போங்க.

ரெண்டு பேரும் ஒரே வருஷம்தான் ஆராய்ச்சிக்குப் பதிஞ்சோம். ஒருத்தருக்குத்தான் லீவு தர முடியும்னு முதல்வர் கறாராச் சொல்லிட்டாரு. சரி, நீங்க முதல்ல முடிங்க, அப்புறம் நான் பாத்துக்கறேன்னு விட்டேன். அவங்க வகுப்பையும் நானே எடுத்தேன். அவங்க ஆராய்ச்சிக்குக் கான்கிரீட் கட்டிகள இருபத்தெட்டு நாள் தண்ணியில ஊற வச்சு, மெஷின்ல வச்சு உடைச்சு, எவ்வளவு தாங்குதுன்னு எழுதணும். எழுவத்திரெண்டு கட்டி தம்பி. தூக்கி வச்சது, உடைச்சது எல்லாம் இந்தக் கைதான். என் முறை வந்தப்ப என்னத் துறைத்தலைவர் ஆக்கிட்டாங்க, நேரமே இல்ல. அதோட போச்சு.

இதுல பதினோராவது பத்தியப் படிங்க. மூணாவது எதிர்மனுதாரருக்கு, அதாவது எனக்கு, ஆராய்ச்சித் தகுதியோ அனுபவமோ கிடையாது. கிடையாதாம்!

அவங்க பக்கமும் நியாயம் இருக்கு, இல்லேன்னு சொல்லல. பட்டம் வாங்கி ஆறு வருஷமாச்சு, இன்னும் அதே உதவிப் பேராசிரியர்தான். போன வருஷம் ஒரு தடவ கேட்டாங்க, எனக்குன்னு இடம் காலியாகவே ஆகாதான்னு. என் நாற்காலிய வேணா எடுத்துக்கோங்கன்னு சிரிச்சேன். அவங்க சிரிக்கல. நான் அதக் கவனிச்சிருக்கணும்.

ஆனா ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்ல? பிரமாணப் பத்திரத்துல தேதி பாருங்க, பதினாலு. அன்னிக்கு எனக்குக் கடவாப்பல்லு புடுங்கினாங்க. அவங்கதான் கூட வந்தாங்க. என் வாயில பஞ்சு, பேச முடியாது. கையப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தாங்க. வலிக்குதா, வலிக்குதான்னு பத்து தடவ கேட்டாங்க. அப்புறம் ஒரு சின்ன வேல இருக்கு, முடிச்சுட்டு வந்துடறேன்னு என்ன ஆட்டோல ஏத்தி விட்டாங்க. இந்தக் கையெழுத்துதான் அந்தச் சின்ன வேல. இப்பத்தான் தெரியுது.

வக்கீலு வைக்கறதா? வைக்கலாம். வச்சு என்ன சொல்றது? அந்தக் கட்டியெல்லாம் நான்தான் உடைச்சேன்னு கோர்ட்டுல சொன்னா அவங்க பட்டமே போயிடும் தம்பி. அத நான் சொல்ல மாட்டேன். சொல்ல மாட்டேன்னு அவங்களுக்கும் தெரியும். அந்தத் தைரியத்துலதான் பதினோராவது பத்திய எழுதியிருக்காங்க. அதுதான் எனக்குப் பொறுக்கல.

விலாசத்த ஏன் திரும்பத் திரும்பப் பாக்குறீங்க? அச்சுப் பிழையெல்லாம் இல்ல. மனுதாரருக்கும் எனக்கும் ஒரே கதவு எண்தான். கல்யாணமாகிப் பத்தொம்பது வருஷமாச்சு.

கேட்டுச்சா? வாசல்ல யாருங்க, இவ்வளவு நேரமாப் பேசுறீங்களேன்னு உள்ளேருந்து குரல் வருதே, அவங்கதான். நீங்களே சொல்லிடுங்க தம்பி. எனக்கு வாய் வரல.