இருமல் இல்லாத படம்

எங்க வீட்டுக்காரர் இருமாம இருந்திருந்தா படம் இன்னும் நல்லா வந்திருக்கும்னு சொல்றீங்க. சரி டைரக்டர் தம்பி, போய்க் கண்டிச்சு வைக்கிறேன். படுத்தா மூச்சு முட்டுதுன்னு இப்பல்லாம் உக்காந்தபடியேதான் தூங்குறாரு. கண்டிக்க வசதியாத்தான் இருக்கும்.

இல்லல்ல, குறை சொல்ல வரலை. படம் பிரமாதம். உளிச் சத்தத்தையெல்லாம் எடுத்துட்டுப் புல்லாங்குழல் விட்டிருக்கீங்க பாருங்க, பக்கத்து வீட்டம்மா கண்ணைத் துடைச்சுக்கிட்டாங்க. இருபது வருஷமா இவ்வளவு இனிமையான கல் பட்டறைக்கா மனுஷன் போய்ட்டு வந்தாருன்னு எனக்கே பொறாமையாப் போச்சு.

தூசியா? அழகுதான். சன்னல் வெயில்ல பொன்னாட்டம் பறக்குது. அதுக்காகத்தானே கல்லு மேல தண்ணி தெளிக்க வேணாம்னு படம் எடுத்த மூணு நாளும் கேட்டுக்கிட்டீங்க? மூஞ்சி தெரியலைன்னு மூக்குல கட்டியிருந்த துணியையும் அவுக்கச் சொன்னீங்களாம். உடனே அவுத்துட்டாரு. நான் சொல்லி ஒரு சட்டையை மாத்தினதில்லை.

டீ வேணாம், உக்காருங்க. பட்டறைக்காரங்க ஆஸ்பத்திரியில இவருக்குப் படுக்கை கேட்டுப் போனேன். பட்டறையில வேலை செய்யுறவங்களுக்கு மட்டும்தானாம். அப்ப இவரு யாருன்னு முதலாளிகிட்டயே போய்க் கேட்டேன். சிரிச்சுக்கிட்டே சொல்றாரு, அவர் நம்ம ஆளே இல்லீங்க, படத்துல நடிக்க வந்தவரு, ஏட்டுல பேரே கிடையாதுன்னு. நடிகர் சம்சாரமாம் நான். இத்தனை நாள் தெரியாமப் போச்சு.

உங்க படத்துல தேடிப் பார்த்தேன். கல்லு இருக்கு, கை இருக்கு, கையில இருக்கிற காய்ப்புகூட கிட்டத்துல தெரியுது. காலையில மேஸ்திரி ஆளுங்களுக்கு வேலை பிரிச்சுக் கொடுக்கிறதை எடுத்தீங்களே, லேட்டா வந்ததுக்கு இவரை வாங்கு வாங்குன்னு வாங்கினாரே, அதை மட்டும் காணோம். நடிக்க வந்த ஆளை எந்த மேஸ்திரி தம்பி அப்படித் திட்டுவான்? இருமலோட சேத்து வெட்டிட்டீங்க. ஆரம்பத்துல நன்றின்னு முதலாளி போட்டோ மட்டும் சுவர் அளவுக்கு இருக்கு.

வெட்டினதை நீங்க தூக்கிப் போட மாட்டீங்கன்னு உங்க கேமராக்காரர் சொன்னாரு. ஆஸ்பத்திரியில காலியா இருக்கிறது ஒரே படுக்கை. நாளைக்குப் பத்து மணி வரைக்கும் வச்சிருக்கேன்னு நர்ஸம்மா சொல்லியிருக்காங்க. பென் டிரைவ் நானே வாங்கிட்டு வந்துட்டேன், இந்தாங்க. மேஸ்திரி திட்டுறது ஒரு நிமிஷம்கூட வராது. அதை மட்டும் இதுல ஏத்திக் குடுங்க, ஆஸ்பத்திரியில காட்டணும்.

ஏன் எந்திரிச்சுட்டீங்க? முதலாளியைக் கேட்டுட்டுத்தான் குடுப்பீங்களா? தம்பி, நீங்களே ஏத்திக் குடுங்களேன்.