மூன்றாம் அழைப்புக்குப் பின் படியிறங்கியவர்

முப்பத்தோர் ஆண்டுகள் நீதிமன்ற வாசலில் நின்று, வழக்காட வந்தோர் பெயர்களை வளாகம் அதிர அழைத்து, இன்று பணி நிறைவு பெறும் கோவில்பட்டி நீதிமன்ற டவாலி திருமிகு ச. இன்னாசிராஜ் அவர்களுக்கு, உடன் உழைத்தோர் உளமாரப் படைக்கும் மடல்.

கணீர்க் குரல் வாய்த்த காவலரே! கடுஞ்சொல் அறியாக் கண்ணியரே! எங்கள் அன்பு அண்ணாச்சியே!

கரிசல் காட்டு ஊர்களிலிருந்து பேருந்தில் வந்திறங்கி, எந்த அறைக்குப் போவதெனத் திகைத்து நின்றோர்க்கெல்லாம் முதலில் தெரிந்த முகம் தங்கள் முகம்! கடம்பூர் போளி வாங்கி வந்தால் எல்லோர்க்கும் பகிர்ந்து, பொட்டலத்தின் பொடியோடு நிறைவடைந்த பெருந்தகை தாங்கள்! ஆயினும், 1979 பங்குனியில் நடந்ததைச் சொல்லாமல் தங்களை வழியனுப்ப எங்களால் இயலவில்லை.

கணவர் விட்டுச்சென்ற இரண்டு குறுக்கம் நிலம் கொழுந்தனாருக்கே என்று தீர்ப்பாகிவிட, இடைசெவல் முத்துமாரியம்மாள் செய்த மேல்முறையீடு அன்று விசாரணைக்கு வந்தது. வக்கீல் விலகிவிட்டதால் அவரே வந்து நிற்க வேண்டிய நாள். நண்பகலில் தாங்கள் மும்முறை அழைத்தீர்கள். பதிலில்லை. "மேல்முறையீட்டாளர் வரவில்லை. தள்ளுபடி" என்றார் நீதிபதி. நாங்கள் அடுத்த வழக்குக் கட்டை எடுத்து வைத்தோம்.

தாங்களோ மனம் கேளாமல் படியிறங்கினீர்கள். வேப்பமரத்தடியில், மடியில் வழக்குத் தாளோடு மதிலில் சாய்ந்திருந்த அம்மையாரிடம், "உங்களத்தாம்மா கூப்பிடுதேன், எந்திரிங்க" என்று சொல்லித் தோளைத் தொட்டீர்கள். தலை சரிந்தது. பேருந்தைத் தவறவிட்டு வெயிலில் நடந்தே வந்த அந்த உடலில் மூச்சில்லை!

உள்ளே ஓடி வந்து, "ஐயா, அந்த அம்மா வந்திருக்காவ" என்றீர்கள்.

"அழைத்தபோது ஏன் வரவில்லை?" என்றார் நீதிபதி.

"மரத்தடியில இருக்காவ, ஐயா. உசுருதான் இல்ல."

நீதிபதி எழுந்து நின்றார். கூடமே எழுந்து நின்றது. இன்னும் கையெழுத்திடாத உத்தரவை அவரே கோடிட்டு அடித்தார். அம்மையாரின் மகள் வள்ளித்தாயைத் தேடிச் சென்று, கெடு முடியுமுன் வாரிசாகச் சேர மனுப்போட வைத்தவர் தாங்கள். மறு ஆண்டு நிலம் அவர் கைக்கு மீண்டது.

ஆனாலும் அம்மையார் இறந்த அந்த வாரம் முழுவதும், "நான் சத்தம் போட்டப்ப அவிய உசுரோட இருந்தாவளோ என்னமோ, தெரியலியே" என்று எங்களைக் கேட்டுக்கொண்டே இருந்தீர்கள். அதன்பின், மூன்றாம் அழைப்பைத் தாங்கள் ஒருநாளும் வாசலில் நின்று விடுத்ததில்லை. வளாகமெங்கும் நடந்து, உட்கார்ந்திருந்த ஒவ்வொருவரிடமும் பெயர் கேட்டீர்கள்.

அண்ணாச்சி! தங்களைப் போற்றி வந்த நாங்கள் ஐந்தாண்டுகளாக ஒன்றை மறைத்தோம். அன்று காலை பத்து மணிக்கு அந்த மரத்தைக் கடந்துதான் நாங்கள் பன்னிருவரும் உள்ளே வந்தோம். ஒரு தாளை நீட்டி, "ஐயா, இது எந்தக் கோர்ட்டுய்யா?" என்று அந்த அம்மையார் ஒவ்வொருவரையும் கேட்டார். எவரும் நிற்கவில்லை.

நேசம்மாள் மதினியுடன் நோய் நொடியின்றி நூறாண்டு வாழ்க! எங்களையும் மன்னித்தருள்க!

30-06-1984

தலைகுனிந்து வணங்கும்
நீதிமன்ற ஊழியர் பன்னிருவர்