இருக்கேன்

டீ நன்றாக இருந்தது, ஐயா. அந்த இடத்தில் எனக்குப் பிடித்தது அது ஒன்றுதான்.

கட்டட வேலை போனதிலிருந்து நான் யாரிடமும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை என்று தங்கை புருஷன்தான் மனசுவிட்டுப் பேசுகிற அந்தக் கூட்டத்துக்குக் கூட்டிப்போனான். "வா மச்சான், மனசுல கெடக்கிறத கொட்டிட்டா லேசாயிடும்" என்றான்.

மாடியில் ஓர் அறை. செருப்பைக் கழற்றிவிட்டு வட்டமாக உட்கார்ந்தோம். பக்கத்திலிருந்த தையல்காரம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடினார். காய்ப்பேறிய கை, கூச்சத்தில் வியர்த்தது. பிறகு காரணமில்லாமல் எல்லோரும் சிரிக்க வேண்டுமாம். நானும் பல்லைக் காட்டிவைத்தேன்.

அப்புறம் மாப்பிள்ளை எழுந்தான்.

நானும் மாப்பிள்ளையும் ஒன்றாகப் பார்த்த கட்டட வேலையில் ஒரு வழக்கம் உண்டு. மேலிருந்து கல் இறக்குகிறவன் "இருக்கியா?" என்று கேட்பான். கீழே ஏந்துகிறவன் "இருக்கேன்" என்றால்தான் கையை விடுவான். ஒருநாள் நான் கீழே ஏந்த நின்றபோது, மேலே நின்ற மூவரில் யாரோ கேட்காமலே விட்டார்கள். சித்தாளின் கால் நசுங்கியது. நான் "இருக்கேன்" என்று சொல்லிவிட்டு விலகிக்கொண்டதாக மேஸ்திரி என்னைத் துரத்தினார். "உனக்காக எவ்வளவோ கெஞ்சினேன் மச்சான்" என்று அன்று அழுதவன் மாப்பிள்ளை.

கல்லை விட்டது தான்தான் என்றான் இப்போது. மேஸ்திரியிடம் அப்படிப் பொய் சொல்லி என்னைக் கைகாட்டியதும் தான்தானாம்.

எல்லோரும் கைதட்டினார்கள். கட்டிப்பிடித்தார்கள். "எவ்வளவு பெரிய மனசு! நீங்களும் கட்டிக்கோங்க" என்று தையல்காரம்மா என்னை இடித்தார். "இப்பதான் மச்சான் நிம்மதியா இருக்கு" என்றான் அவன். எனக்கு எப்படி இருக்கிறது என்று ஒருவரும் கேட்கவில்லை.

"யாருக்குத் தப்பு பண்ணாரோ, அவர்தான் ஏந்தணும். அதுதான் மருந்து" என்றார் கூட்டத்தை நடத்துகிறவர். மாப்பிள்ளை கண்ணைக் கட்டிக்கொண்டு, முதுகை எனக்குக் காட்டி, மேசைமேல் ஏறி நின்றான். அப்படியே பின்னால் சாய்ந்து விழ வேண்டும். மற்றவர்கள் கண்ணை மூடிக்கொண்டார்கள். அதனால்தான் என் கை வழுக்கிவிட்டதென்று உங்களிடம் சொல்லியிருப்பார்கள். நல்லவர்கள்.

"இருக்கியா மச்சான்?"

"இருக்கேன்" என்றேன். ஓரடி ஒதுங்கினேன்.

கீழே சிமெண்ட் தரை. தலைதான் முதலில் பட்டது.

கோபத்தில் செய்ததாக எழுதிக்கொள்ளாதீர்கள், ஐயா. என்ன இருந்தாலும் தங்கை புருஷன். அவனைப் பொய்யனாகவே விட்டுவிட எனக்கு மனசு வரவில்லை.