ஊருக்குப் போன இஸ்திரிப் பெட்டி

வெளிநாடு வந்து மெரிலேண்ட்ஸ் புறநகரில் பார்த்த பட்டறை வேலையை விட்டுவிட்டு, பையோடு ரயிலேறினேன். எதிரே ஒரு யாழ்ப்பாணத்துத் தம்பதி. மனைவியின் கையில் ஒரு படிவம். அந்தக் கம்பெனியின் இஸ்திரிப் பெட்டிகள் ஷாக் அடிக்கின்றனவாம்; திருப்பிக் கொடுத்தால் புதிது தருவார்களாம்.

“எங்கட பெட்டி எங்கயப்பா?”

“உம்மட தம்பியின்ர கலியாணத்துக்கு அனுப்பினது அதுதான்.”

“அது பாவிச்சதெல்லோ?”

“துடைச்சுத்தான் அனுப்பினனான். ஷாக் அடிச்சிருந்தா எழுதியிருப்பான்.”

“வெளிநாட்டுச் சாமானைக் குறை சொல்லி அவன் எழுதான். செத்தாலும் எழுதான். தொடவேண்டாமெண்டு இண்டைக்கே தந்தி அடியுங்கோ.”

“பழசெண்டு தெரிஞ்சிடுமே?”

“தெரியட்டும்.”

அடுத்த நிலையத்தில் தபால் நிலையம் தேடி இறங்கினார்கள்.

மறுநாள் காலை ஒரு ஹோட்டலில் துணி தேய்க்கும் வேலையில் சேர்ந்தேன். பெட்டியைக் கவிழ்த்துக் கம்பெனிப் பெயரைப் பார்த்த பிறகுதான் சுவிட்சைப் போட்டேன்.